கட் சொன்ன பிறகு

ஜனவரி 7

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நன்றாக இருக்கிறேன். நீயும் அத்தானும் உன் பெண் வாலுவும் சுகமாக இருப்பீர்கள் என்று நினைக்கிறேன். அத்தானின் முழங்கால் எப்படி இருக்கிறது?

நல்ல செய்தியை முதலில் சொல்லிவிடுகிறேன். ஒன்பது வருஷம் அடுத்தவர் முதுகுக்குப் பின்னால் நின்று ரீல் சுற்றிக் கொடுத்த உன் தம்பி இனிமேல் எடிட்டர். திரையில் என் பெயர் தனியாக வரும். பெரிய படம் என்று நினைத்து ஊரெல்லாம் தண்டோரா போட்டுவிடாதே. இந்திப் படம், அதுவும் சுண்டைக்காய்ப் படம். ஒரே வீட்டுக்குள் இருபத்து மூன்று நாளில் எடுத்து முடித்துவிட்டார்கள். யூனிட் மொத்தமும் ஒரு வேனில் அடங்கிவிடும். டைரக்டர் எதற்கெடுத்தாலும் சீக்கிரம் சீக்கிரம் என்று பறப்பதால் அவருக்கு 'அவசரம்' என்று பெயர் வைத்திருக்கிறோம்.

கதையைக் கேள். எதிர்வீட்டுப் பெண்மேல் ஒருவன் உயிராக இருக்கிறான். அவளுக்கு அது தெரியாது. அவள் வேலைக்குப் போனதும் கள்ளச்சாவி போட்டு உள்ளே போய், அவள் நாற்காலியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு வருகிறான். கடைசியில் அவளை ஒரு வீட்டில் வைத்துப் பூட்டுகிறான். அவள் தப்பித்து ஓடுகிறாள். பார்க்கிறவர்களுக்கு முதுகு சில்லிட வேண்டும் என்கிறார் அவசரம்.

கதாநாயகி புதுசு. மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கிறவள், லீவு போட்டு வந்து நடித்திருக்கிறாள். நம் பாஷைக்காரி. இந்தி ஒரு சொல் தெரியாது. வசனத்தை உருப்போட்டு ஒப்பிக்கிறாள், அப்புறம் வேறு யாரோ குரல் கொடுப்பார்கள். நான் இன்னும் அவளை நேரில் பார்த்ததில்லை. எடிட்டரை யார் படப்பிடிப்புக்குக் கூப்பிடுகிறார்கள்?

அப்பா இருந்திருந்தால் பூரித்துப் போயிருப்பார். காதல் என்றால் என்ன என்று அவருக்குத் தெரியும்.

எல்லாரையும் கேட்டதாகச் சொல். உடம்பைக் கவனித்துக்கொள்.

உன் தம்பி


ஜனவரி 19

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. இங்கே மூவரும் சௌக்கியம். உன் சளி விட்டதா? அத்தானின் முழங்கால் அப்படியேதான் இருக்கிறது, வாய் மட்டும் கூடியிருக்கிறது. நீ வேண்டாம் என்று எழுதியதைப் படித்துக் காட்டுவதற்குள் தெருவில் நாலு பேரிடம் சொல்லிவிட்டு வந்துவிட்டார்.

உன் கடிதம் வந்த அன்று கோர்ட்டில் எனக்கு வேலை ஓடவில்லை. ஒரு வாக்குமூலத்தில் 'சாட்சி' என்று அடிக்க வேண்டிய இடமெல்லாம் 'காட்சி' என்று டைப் அடித்து வைத்துவிட்டேன். ஜட்ஜ் படித்துவிட்டு, "இரண்டாம் காட்சி எத்தனை மணிக்கும்மா?" என்று கேட்டார். பதினாறு வருஷ சர்வீஸில் முதல் தடவை தலைகுனிந்தேன், அதுவும் சந்தோஷமாக.

படத்தின் கதைதான் எனக்கு ஒட்டவில்லை. உயிராக இருக்கிறான் என்று எழுதியிருக்கிறாய். ஒருத்திக்குத் தெரியாமல் அவள் வீட்டுக்குள் போகிறவனுக்கு எங்கள் கோர்ட்டில் வேறு பெயர். சரி, பிழைப்புக்குப் பண்ணுகிற வேலை, நான் என்ன சொல்ல.

அப்பாவைப் பற்றி எழுத ஆரம்பித்து மூன்று வரியை அடித்துவிட்டேன், கண்டுகொள்ளாதே. வேறு தாள் எடுக்கச் சோம்பல்.

நேரத்துக்குச் சாப்பிடு. வாலு தன் பங்குக்கு ஒரு முத்தம் ஒட்டச் சொன்னாள். ஒட்டியிருக்கிறேன்.

அக்கா


பிப்ரவரி 11

அன்புள்ள அக்கா,

சுகம். உன் கடிதம் பத்து நாளாக மேஜைமேல் கிடக்கிறது, பதில் எழுதக் கை ஒழியவில்லை. அத்தானைப் படியேறுவதைக் குறைக்கச் சொல். நீ அடித்த மூன்று வரியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. அழுத்தித்தான் அடித்திருக்கிறாய்.

மூன்று வாரமாக அவள் முகத்தோடுதான் குடித்தனம். பயந்துவிடாதே, எடிட்டிங் மேஜையில் ஓடும் முகத்தைச் சொல்கிறேன். ஒரே காட்சியை ஏழு தடவை எடுத்திருப்பார்கள். ஏழையும் பார்த்து ஒன்றைப் பொறுக்குவது என் வேலை. அவள் கதவைத் திறப்பதை மட்டும் நூறு தடவை பார்த்திருப்பேன். கீழுதட்டின் இடது ஓரத்தில் ஒரு சின்னத் தழும்பு இருக்கிறது. அழப்போகிறாள் என்றால் முதலில் அது வெளுக்கும். அவளோடு ஒரே வீட்டில் இருக்கிறவர்களுக்குக்கூட இது தெரிந்திருக்காது.

உனக்கு ஒரு தொழில் ரகசியம் சொல்கிறேன். டைரக்டர் 'கட்' சொன்னதும் கேமரா உடனே நிற்காது. ஒன்றரை விநாடி ஓடித்தான் அடங்கும். அந்த நேரத்தில் நடிகர்கள் முகத்திலிருந்து நடிப்பு கழன்று விழும். ஒருவன் மூக்கைச் சொறிவான், ஒருவன் கொட்டாவி விடுவான். அவள் மட்டும் நேராகக் கேமராவைப் பார்க்கிறாள். கண்ணைச் சுருக்கி, தலையைக் கொஞ்சம் முன்னால் நீட்டி, யாரையோ தேடுகிற மாதிரி. பிறகு நம் பாஷையில் ஏதாவது சொல்கிறாள். "அப்பாடா." "தண்ணி இருக்கா?" ஒரு தடவை, "யாரு அங்க?" அந்த யூனிட்டில் ஒருவருக்கும் அது புரியாது. புரிகிற ஒரே ஆள் நான். அவள் யாரிடம் பேசுகிறாள், நீயே சொல்.

வெட்டி எறிய வேண்டிய துண்டுகள்தான் அவை. எனக்கு மனசு வரவில்லை. எல்லாவற்றையும் ஒன்றாக ஒட்டி வைத்திருக்கிறேன். நாலு நிமிஷம் தேறும்.

போன செவ்வாய்க்கிழமை அந்தக் கடைக்குப் போய்க் கண்ணைச் சோதித்துக்கொண்டேன். ஒரு குறையும் இல்லையாம். இருந்தாலும் பவர் இல்லாத கண்ணாடி ஒன்று வாங்கினேன். அவள்தான் என் காதுக்குப் பின்னால் கம்பியை வளைத்துச் சரிசெய்தாள். "வலிக்குதா சார்?" என்று கேட்டாள். அவளும் கண்ணாடி போட்டிருக்கிறாள், வியாபாரத்துக்காக இருக்கும். நான் யார் என்று சொல்லவில்லை.

வாலுவுக்கு என் முத்தம்.

தம்பி


பிப்ரவரி 20

அன்புள்ள தம்பிக்கு,

நலமாக இருக்கிறோம். நீயும் அப்படியே இருக்க வேண்டும்.

நீ கண்ணாடி வாங்கிய கதையைக் கேட்டு அத்தான் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பெண் பிடித்திருந்தால் அதில் என்ன தப்பு? இருபத்தொன்பது வயசாகிறது, கல்யாணம் பண்ணிக்கொள் என்று நானே மூன்று வருஷமாகத் தொண்டை வறளக் கத்துகிறேன். ஆனால் சுற்றி வளைக்காதே. நேரே போய், நான்தான் உங்க படத்துக்கு எடிட்டர், எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு என்று சொல்லு. அவள் சரி என்றால் நானும் அத்தானும் வந்து பேசுகிறோம். வேண்டாம் என்றால் வேண்டாம்தான், அதோடு விட்டுவிட வேண்டும். இந்த ஒரு வரியை இரண்டு தடவை படி.

அந்த நாலு நிமிஷத்தைக் குப்பையில் போட்டுவிடு. அது உன்னுடையது இல்லை.

இந்த வாரம் ஒரு வழக்கு டைப் அடித்தேன், அதைப் பற்றி எழுதலாம் என்று நினைத்தேன். வேண்டாம்.

தபால்காரர் வருகிற நேரம். முடிக்கிறேன். நன்றாகத் தூங்கு.

அக்கா


மார்ச் 28

அக்கா,

எல்லாரும் சௌக்கியம்தானே. தாமதத்துக்கு மன்னித்துக்கொள்.

நீ சொன்னபடியே கேட்டேன். கடையில் கூட்டம் இல்லாத நேரமாகப் பார்த்துப் போய், நான்தான் எடிட்டர் என்று சொன்னேன். சிரித்தாள், சந்தோஷப்பட்டாள். மீதியையும் சொன்னேன். "எனக்கு அப்படி எண்ணம் எதுவும் இல்லைங்க. தப்பா நினைச்சுக்காதீங்க" என்றாள். சொல்லும்போது அந்தத் தழும்பு வெளுத்தது. அது ஒப்பிக்கிற வசனம் அக்கா. கடைக்காரர் பக்கத்தில் இருக்கிறார், வேறெப்படிப் பேசுவாள்? நிஜம் எப்போதும் கட் சொன்ன பிறகுதான் வரும்.

அவசரத்துக்கும் எனக்கும் தகராறு. கடைசி ரீலில் அவள் கதவைத் திறந்துகொண்டு ஓடுவதை நான் எடுத்துவிட்டேன். அவள் பூட்டிய வீட்டுக்குள் உட்கார்ந்திருக்கிறாள், நிமிர்ந்து பார்க்கிறாள், படம் முடிகிறது. அந்தப் பார்வைக்கு நான் சேர்த்து வைத்த துண்டுகளைப் போட்டேன். அற்புதமாக இருந்தது. அவசரம் பார்த்துவிட்டு, "உனக்கு என்ன ஆச்சு?" என்று கேட்டார். காதலைப் பற்றிப் படம் எடுக்கிறவருக்குக் காதல் தெரியவில்லை.

ஓடினால் எங்கே ஓடுவாள்? அம்மாவும் அப்படித்தானே போனாங்க. அதற்குப் பிறகு அப்பா ஒவ்வொரு சாயங்காலமும் வாசலைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தது உனக்கு ஞாபகம் இல்லையா? எனக்கு நாலு வயசு, எனக்கே ஞாபகம் இருக்கிறது. தண்ணீர் பிடிக்கக்கூட அம்மாவைத் தனியாக விடமாட்டார். வேலைக்குப் போகும்போது அம்மாவுக்கு ஒன்றும் ஆகிவிடக் கூடாதென்று வெளியே பூட்டிக்கொண்டு போவார். யார் இப்போது அப்படி நேசிக்கிறார்கள்? சமையலறை ஜன்னலில் ஒரு கம்பி ஆடியதை மட்டும் பார்க்காமல் விட்டுவிட்டார் பாவம்.

ரூம் மாற்றிவிட்டேன், புது முகவரி பின்பக்கத்தில். வெளிச்சமான மாடி. எதிர்ச் சாரியில் மூன்றாவது வீட்டில்தான் அவள் குடியிருக்கிறாள்.

அத்தானுக்கு வணக்கம்.

தம்பி


ஏப்ரல் 3

அன்புள்ள தம்பிக்கு,

நலம் கேட்டு எழுதியிருந்தாய். எனக்கு இரண்டு வாரமாக உடம்பு சரியில்லை. நெஞ்சு படபடவென்று அடித்துக்கொள்கிறது. தனியாக இருக்கக் கூடாது என்று டாக்டர் சொல்கிறார். அத்தான் வேலைக்குப் போய்விட்டால் எனக்கு யார் இருக்கிறார்கள்? படம் பாட்டுக்குக் கிடக்கட்டும். பத்து நாள் வந்து இருந்துவிட்டுப் போ. உனக்கும் ஓய்வாக இருக்கும்.

அப்பாவைப் பற்றி உனக்கு நான் சொல்ல வேண்டியது இருக்கிறது. கடிதத்தில் எழுத முடியாது. நேரில் வா, சொல்கிறேன்.

அந்த ரூமில் இருக்காதே. அக்கா கேட்கிறேன்.

உன் வரவை எதிர்பார்க்கும்

அக்கா


ஏப்ரல் 24

தம்பி,

சுகமா? மூன்று வாரமாகப் பதில் இல்லை. ஸ்டுடியோவுக்கு போன் செய்தேன். நீ அங்கே வருவதில்லை என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டார்கள். ஒரு வரி போடு. நல்ல வரியாக இல்லாவிட்டாலும் பரவாயில்லை.

அக்கா


மே 9

அன்புள்ள அக்கா,

நான் மிகவும் நன்றாக இருக்கிறேன். இவ்வளவு நிம்மதியாக நான் இருந்ததே இல்லை. உன் படபடப்பு எப்படி இருக்கிறது? நீ பொய் எழுதினால் எழுத்து வலது பக்கம் சாயும், தெரியுமா? சின்ன வயசிலிருந்தே அப்படித்தான். அந்தக் கடிதம் முழுக்கச் சாய்ந்திருந்தது. கோபம் இல்லை, பாசத்தில் சொன்னது என்று எனக்குத் தெரியும்.

படத்திலிருந்து என்னை எடுத்துவிட்டார்கள். போகட்டும். துண்டுகள் என்னிடம் இருக்கின்றன.

அவள் வீட்டைப் பற்றிச் சொல்கிறேன். சின்ன வீடுதான், ஒரு அறையும் சமையலறையும். படுக்கை ஜன்னலை ஒட்டி இருக்கிறது, அது நல்லதில்லை. அலமாரியில் மேல்தட்டில் குளிர்காலத் துணி, கீழே புத்தகம். காலையில் காபி குடித்த டம்ளரைக் கழுவாமல் ஓடிவிடுகிறாள். சமையலறைக் குழாய் சொட்டிக்கொண்டே இருந்தது. அவள் கடைக்குப் போயிருந்த ஒரு பகலில் வாஷர் மாற்றினேன். இப்போது சொட்டுவதில்லை. ஒரு வார்த்தை கேட்கவில்லை அவள், யார் மாற்றியது என்று. கேட்க வேண்டியதில்லை என்று அவளுக்கே தெரிகிறது.

நகருக்கு வெளியே ஒரு வீடு பிடித்திருக்கிறேன். பக்கத்தில் வீடு கிடையாது, அமைதியான இடம். பின்பக்கம் இருந்த ஜன்னலைச் செங்கல் வைத்து நானே அடைத்துப் பூசிவிட்டேன். என் கைக்கு இவ்வளவு வேலை தெரியும் என்று எனக்கே தெரியாது. அவளுக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. இந்த மாதக் கடைசி வெள்ளிக்கிழமை அழைத்துப் போகலாம் என்று இருக்கிறேன். முதலில் அழுவாள். அம்மாவும் அழுதாங்க இல்லையா? பழகிவிடும்.

அப்பா விட்ட தப்பை நான் விடமாட்டேன்.

நீ இப்போது வராதே. எல்லாம் அமைந்த பிறகு நானே எழுதுகிறேன். வாலுவுக்கு முத்தம்.

தம்பி


மே 13

கண்ணாடிக் கடையில் வேலை பார்க்கும் சகோதரிக்கு,

உங்கள் நலத்தை விசாரித்துத் தொடங்க வேண்டும். ஆனால் அதற்கு எனக்கு உரிமை இருக்கிறதா என்று தெரியவில்லை. உங்களுக்கு என்னைத் தெரியாது. உங்கள் படத்தின் எடிட்டராக இருந்தவனுக்கு நான் அக்கா.

கடைக்கு மூன்று தடவை போன் செய்தேன். வேலை செய்கிறவர்களைக் கூப்பிட மாட்டோம் என்றார்கள். தபாலை நம்பப் பயமாக இருக்கிறது. இதை உங்கள் கையில் கொடுப்பவர் என் கணவர். நொண்டி நொண்டி நடப்பார், அதுதான் அடையாளம். அவரை நம்பலாம்.

இதோடு என் தம்பியின் கடிதங்கள் நான்கும் இருக்கின்றன. மே 9 தேதியிட்டதை முதலில் படியுங்கள். படித்துவிட்டு இன்று வீட்டுக்குப் போகாதீர்கள். கடையிலிருந்து நேரே போலீஸ் ஸ்டேஷனுக்குப் போங்கள், என் கணவர் கூட வருவார். கடிதங்கள் உங்களிடமே இருக்கட்டும். நான் கோர்ட்டில் டைப்பிஸ்ட். கையில் தாள் இல்லாமல் வருகிற பெண்களிடம் என்ன கேள்வியெல்லாம் கேட்பார்கள் என்று பதினாறு வருஷமாக டைப் அடித்துக்கொண்டிருக்கிறேன்.

ஏன் நானே வரவில்லை என்று நினைப்பீர்கள். அவன் வாயால் ஒரு தடவை அக்கா என்று கூப்பிட்டால் நான் உருகிவிடுவேன். அந்தப் பயம்தான்.

அவன் கடிதத்தில் எங்கள் அம்மாவைப் பற்றி இருக்கிறது. அது உங்களுக்குப் புரிய வேண்டும். எங்கள் அப்பா அம்மாவை ஆறு வருஷம் வீட்டுக்குள் பூட்டி வைத்திருந்தார். ஆசையினால்தான் என்று அவரும் சொன்னார், தெருவும் சொன்னது. எனக்குப் பதின்மூன்று வயசானபோது, அவர் குளித்துக்கொண்டிருந்த நேரத்தில் சட்டைப் பையிலிருந்து சாவியை எடுத்து வாசல் கதவை நான்தான் திறந்துவிட்டேன். அம்மா தம்பியையும் தூக்கிக்கொண்டு போகப் பார்த்தாங்க. அவன் அழ ஆரம்பித்தான். சத்தம் கேட்டுவிடும் என்று விட்டுவிட்டுப் போனாங்க. என்மேல் சந்தேகம் வராமல் இருக்கச் சமையலறை ஜன்னல் கம்பியை நானே பிடுங்கி வைத்தேன். அந்தக் கம்பியைத்தான் அப்பா சாகிறவரை திட்டிக்கொண்டிருந்தார்.

தம்பிக்கு இது எதையும் நான் சொல்லவில்லை. அப்பாவை நல்லவராகவே நினைத்து வளரட்டும் என்று விட்டேன். பிள்ளைக்கு அப்பா வேண்டுமே என்று. அந்த நினைப்பு இப்போது உங்கள் வீட்டுக் கதவுவரை வந்துவிட்டது. போன மாதம் எழுதிய கடிதத்திலாவது அவனிடம் சொல்லியிருக்கலாம். நேரில் வா என்று எழுதினேன்.

மன்னிப்புக் கேட்கிற இடத்தில்கூட நான் இல்லை. பத்திரமாக இருங்கள்.

அவனுடைய அக்கா


ஜூன் 6

அக்காவுக்கு வணக்கம். அப்படிக் கூப்பிடலாம் என்று நினைக்கிறேன்.

நான் உயிரோடு, ஒரு கீறல்கூட இல்லாமல் இருக்கிறேன். அதை முதலில் எழுத வேண்டும் என்று உங்கள் கணவர் சொல்லிவிட்டுப் போனார். அவருடைய கால் எப்படி இருக்கிறது? அன்று என்னோடு நாள் முழுக்க ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்.

இன்ஸ்பெக்டர் முதலில் நம்பவில்லை. "என்னம்மா செஞ்சான்? குழாய ரிப்பேர் பண்ணினான். என் வீட்டுக்கும் ஒருத்தன் வந்தா தேவலை" என்று சிரித்தார். உங்கள் கணவர் மே 9 கடிதத்தை அவர் முன்னால் வைத்தார். செங்கல் என்ற இடம் வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

குழாய் சொட்டுவது நின்றதை நான் கவனித்தேன் அக்கா. வீட்டுக்காரர்தான் ஆள் அனுப்பியிருப்பார் என்று நினைத்து அவருக்கு நன்றிகூடச் சொன்னேன். அவரும் பெருமையாக வாங்கிக்கொண்டார்.

அந்த வீட்டை மறுநாளே கண்டுபிடித்துவிட்டார்கள். உங்கள் தம்பி அங்கேதான் இருந்தார். தகராறு ஒன்றும் செய்யவில்லையாம். போலீஸ்காரர்கள் உள்ளே நுழைந்தபோது, "தரை ஈரமா இருக்கு, பார்த்து வாங்க" என்றாராம். புதுப் படுக்கை விரிப்பு, நான் போடும் அதே சோப்பு, என் அலமாரியில் இருக்கும் அதே நாலு புத்தகங்கள். கொடியில் பிலிம் துண்டுகள் தொங்கிக்கொண்டிருந்தன. கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாளே இல்லை.

நான்கு கடிதங்களையும் படித்தேன். ஒன்றைச் சொல்லியாக வேண்டும். எனக்குக் கிட்டப்பார்வை, கண்ணாடி இல்லாவிட்டால் இரண்டு அடிக்கு மேல் ஒன்றும் தெரியாது. படத்தில் கண்ணாடி போடக் கூடாது என்று டைரக்டர் கழற்றி வைக்கச் சொல்லிவிட்டார். யாராவது கட் சொன்னால், குரல் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்று கண்ணை இடுக்கிக்கொண்டு தேடுவேன். கேமரா எனக்கு ஒரு கறுப்புத் திட்டு. அங்கே நான் யாரையும் பார்க்கவில்லை. அதனால்தான் யாரு அங்க என்று கேட்டிருப்பேன்.

வேறு ஊருக்கு மாறிப் போகிறேன். முகவரி எழுதவில்லை, தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டீர்கள். உங்கள் மேல் எனக்குக் கோபம் இருக்கிறதா என்று கேட்டால், இருக்கிறது. நீங்கள் செய்த உதவியை மறக்கவும் மாட்டேன். இரண்டையும் சேர்த்தேதான் எழுத முடிகிறது.

குழந்தைக்கு என் அன்பு.


அக்டோபர் 4

அக்கா,

உடம்புக்கு ஒன்றும் இல்லை. மூன்று வேளையும் சாப்பாடு வருகிறது.

பதினான்கு மாதம் என்றார்கள். நீ சாட்சிக் கூண்டில் நிற்கும்போது என் பக்கம் திரும்பவே இல்லை. அவளுக்கு நீ எழுதிய கடிதத்தை அங்கே உரக்கப் படித்தார்கள். எனக்காக ஒரு நாளும் எழுதாததை முன்பின் தெரியாத ஒருத்திக்கு ஒரே மூச்சில் எழுதியிருக்கிறாய்.

அந்தக் கடிதத்தைப் பற்றி எனக்கு ஒன்றே ஒன்றுதான் கேட்க வேண்டும். அம்மா உயிரோடு இருக்காங்களா? எங்கே இருக்காங்க?

நான் அவங்களைப் பார்க்க வேண்டும். அவ்வளவுதான்.

தம்பி


அக்டோபர் 21

அன்புள்ள தம்பிக்கு,

நாங்கள் சுகம். அங்கே குளிர ஆரம்பித்திருக்கும். போர்வை ஒன்று கொடுத்தனுப்பியிருக்கிறேன், கிடைத்ததா என்று எழுது.

உன் பக்கம் திரும்பியிருந்தால் என்னால் சொல்லி முடித்திருக்க முடியாது. பதினாறு வருஷம் மற்றவர்கள் சொன்னதை டைப் அடித்தவள் நான். அன்று நான் சொல்லச் சொல்ல வேறொருத்தி அடித்துக்கொண்டிருந்தாள். என் வாயால் வந்தது எதையும் அவள் நிறுத்தித் திருத்தவில்லை. எல்லாம் தெளிவாகத்தான் சொல்லியிருக்கிறேன் போலிருக்கிறது.

போன வாரம் உன் படம் இங்கே வந்தது. நாலே நாள் ஓடியது. நானும் அத்தானும் மத்தியான ஆட்டத்துக்குப் போனோம். உன் பெயரை எடுத்துவிட்டார்கள். இந்தி தெரியாவிட்டாலும் கதை முழுக்கப் புரிந்தது. அவள் கதவைத் திறந்து ஓடும் இடத்தில் பின்வரிசையில் யாரோ, "பாவம்டீ, எவ்வளவு ஆசை வெச்சிருந்தான்" என்றாள். திரும்பிப் பார்த்தேன். இருபது வயசுகூட இருக்காது.

நீ கேட்டதற்கு வருகிறேன். அம்மா உயிரோடுதான் இருக்காங்க. எனக்குக் கல்யாணம் ஆனதிலிருந்து தெரியும். வருஷத்துக்கு இரண்டு தடவை போய்ப் பார்த்துவிட்டு வருவேன். அத்தானிடம்கூட வேலை விஷயமாகப் போகிறேன் என்றுதான் சொல்வேன். ஒரு தையல் கடையில் பட்டன் தைத்துக்கொண்டிருந்தாங்க. குடியிருந்த அறையில் கதவை எப்போதும் திறந்தே வைத்திருப்பாங்க, மழை அடித்தாலும். ஒவ்வொரு தடவையும் உன்னைப் பற்றிக் கேட்பாங்க. உன் பள்ளிக்கூட போட்டோவிலிருந்து போன வருஷம் எடுத்ததுவரை எல்லாம் அவங்களிடம் இருக்கின்றன.

எங்கே என்று போன மாதம் கேட்டிருந்தால், சொல்ல மாட்டேன் என்று எழுதியிருப்பேன்.

தீர்ப்பு வந்த மறுவாரம் அம்மாவிடம் போய் நடந்ததையெல்லாம் சொன்னேன். இத்தனை வருஷம் ஒருவருக்கும் ஒன்றும் சொல்லாமல் இருந்து நான் பட்டது போதும், இனி எதையும் மறைக்கக் கூடாது என்று நினைத்தேன். ஊசியைக் கீழே வைக்காமல் கேட்டுக்கொண்டிருந்தாங்க. அழவில்லை. கடைசியில், "அவனுக்கு நான் இருக்கிற இடம் தெரியுமா?" என்று மட்டும் கேட்டாங்க.

"தெரியாதும்மா" என்றேன்.

நூலைப் பல்லால் கடித்து அறுத்தாங்க. பிறகு, "உனக்குத் தெரியுமே" என்றாங்க.

போன ஞாயிற்றுக்கிழமை மறுபடி போனேன். அறை காலியாக இருந்தது. தையல் கடையில் கேட்டதற்கு, ஒரு காலையில் வந்து வேலையை முடித்துக்கொடுத்துவிட்டு, போய்வருகிறேன் என்றுகூடச் சொல்லாமல் இரண்டு பையோடு போய்விட்டதாகச் சொன்னார்கள். யார் வந்து கேட்டாலும் ஒன்றும் தெரியாது என்று சொல்லச் சொன்னாங்களாம். மகள் வந்து கேட்டால்? மகளாக இருந்தாலும் அப்படியே சொல்லச் சொன்னாங்களாம்.

இருபத்தைந்து வருஷத்துக்கு முன்னால் கதவைத் திறந்துவிட்டபோது, அம்மா ஓடுவது அப்பாவிடமிருந்து மட்டும்தான் என்று நினைத்தேன்.

இப்போது எங்கே என்று எனக்கும் தெரியாது. அடுத்த மாதம் இரண்டாம் சனிக்கிழமை உன்னைப் பார்க்க வருகிறேன். வேறு எது கேட்டாலும் பதில் சொல்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அக்கா